குடியிருந்தால் வீடு சொந்தமாகுமா?

“12 ஆண்டு குடியிருந்தால் வீடு நமக்குத்தான்.” சட்டம் படிக்கும் என்னிடம் உறவினர்கள் பலர் இப்படிச் சொல்கிறார்கள். இது இந்தியாவின் 1963ஆம் ஆண்டு காலவரம்புச் சட்டத்தை ஒட்டிய பேச்சு. அங்கும்கூட, வாடகைக்கோ அனுமதியோடோ குடியிருப்பவர் அப்படி உரிமை கோர முடியாது.

தீபகற்ப மலேசியாவில் அந்த வழியே இல்லை. எத்தனை ஆண்டுகள் குடியிருந்தாலும் பட்டாதாரரின் உரிமை அழியாது என்கிறது தேசிய நிலச் சட்டத்தின் 341ஆவது பிரிவு. அரசு நிலத்துக்கு 48ஆவது பிரிவு தடையாக நிற்கிறது.

மின்கட்டண ரசீது நாம் குடியிருந்ததைக் காட்டும், உரிமையைக் காட்டாது. வழக்கு என்று வந்தால் பட்டாவில் உள்ள பெயரே முன்னால் நிற்கும்.

மாணவர்களே, நீங்கள் வசிக்கும் வீட்டின் பட்டா யார் பெயரில் இருக்கிறது? நில அலுவலகத்தில் விசாரியுங்கள். மறைந்த தாத்தாவின் பெயரிலேயே இருந்தால், பெயர் மாற்றத்தைத் தள்ளிப்போட வேண்டாம் என்று வீட்டில் சொல்லுங்கள்.