பதில் பெறும் உரிமை: பல்கலைக்கழகங்களும் பரிசீலனை கோரும் மனுக்களும்

பட்டச் சான்றிதழில் பெயர்த் திருத்தம், முனைவர் பட்ட ஆய்வுக்குக் கால நீட்டிப்பு, ஆசிரியரின் பதவி உயர்வு போன்றவற்றுக்காகப் பல்கலைக்கழகப் பதிவாளரிடம் கொடுத்த கோரிக்கை மாதக்கணக்கில் கிடப்பில் இருக்கும்போது, அதன் மீது முடிவெடுக்க உத்தரவிடக் கோரி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யப்படுகிறது. அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் அமையும் இம்மனுவில் வேண்டப்படுவது செயலுறுத்தும் நீதிப்பேராணை, அதாவது சட்டம் விதித்த கடமையைச் செய்யாதிருக்கும் பொது அமைப்பை அதனைச் செய்யுமாறு பணிக்கும் ஆணையாகும்.

இத்தகைய வழக்குகள் பெரும்பாலும் விரைவில் முடிந்துவிடுகின்றன. கோரிக்கை நியாயமானதா என்ற கேள்விக்குள் நீதிமன்றம் செல்வதில்லை. இன்ன தேதியிட்ட கோரிக்கையை அதன் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, ஆணையின் நகல் கிடைத்ததிலிருந்து குறிப்பிட்ட வாரங்களுக்குள் முடிவெடுக்குமாறு பதிவாளருக்கு உத்தரவிட்டு மனுவை முடித்துவைக்கிறது. எனவே, கோரிக்கை கொடுத்த தேதியும், அது அலுவலகத்தில் பெறப்பட்டதைக் காட்டும் முத்திரையோ அஞ்சல் ஒப்புகையோ இம்மனுவுக்கு உயிர்நாடியாகின்றன.

பரிசீலிக்கச் சொல்வது வேறு, கோரியதை வழங்கச் சொல்வது வேறு என்பதை உணராமல், ஆணை கிடைத்ததுமே வழக்கில் வென்றுவிட்டதாகப் பலர் நம்பிவிடுகின்றனர். ஆந்திரப் பிரதேச அரசுப் போக்குவரத்துக் கழகம் தொடர்பான வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் இந்த வேறுபாட்டை விரிவாக விளக்கியது. தமிழ்நாட்டின் புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் பணியிழந்த ஒருவர் ஏறத்தாழ 18 ஆண்டுகளுக்குப் பிறகு கொடுத்த கோரிக்கையைப் பற்றிய வழக்கிலோ, காலம் கடந்துபோன உரிமை அத்தகைய பரிசீலனை ஆணையால் புத்துயிர் பெறாது என்று 2008-இல் அந்நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

ஆணையில் குறித்த கெடு முடிந்தும் பல்கலைக்கழகம் வாளாவிருந்தால், 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி ஓராண்டுக்குள் நடவடிக்கை கோரலாம். கோரிக்கை நிராகரிக்கப்பட்டால், அந்த நிராகரிப்பை எதிர்த்துத் தனியே வழக்குத் தொடரலாம். நிராகரிப்பாணையில் காரணங்கள் கூறப்பட்டிருந்தால்தான் மனுதாரர் அவற்றை மறுத்து வாதாடவும் நீதிபதி அவற்றை எடைபோடவும் இயலும் என்பதால், காரணம் கூறும் கடமை வெறும் சம்பிரதாயம் அன்று.

ஆகவே இம்மனுக்கள் உறுதிசெய்வது பதில் பெறும் உரிமையை மட்டுமே. ஆனால் சேர்க்கைக்கோ வேலைக்கோ கடைசி நாள் நெருங்கும் மாணவருக்கு அந்தப் பதிலே எதிர்காலத்தைத் தீர்மானிக்கக்கூடியது. நீதிமன்றம் எதையும் புதிதாகக் கண்டறியத் தேவையில்லாத இவ்வழக்குகள், கோரிக்கை வந்த நாளைப் பதிவுசெய்து, உரிய காலத்தில் காரணத்துடன் ஏற்கவோ மறுக்கவோ செய்யும் பழக்கத்தைப் பல்கலைக்கழக நிர்வாகம் கைக்கொண்டால் பெரும்பாலும் எழவே மாட்டா. அப்பழக்கம் வேரூன்றும்வரை, வழக்குச் செலவையும் அலைச்சலையும் தாங்க இயலாத மாணவர்களே அதிகம் இழப்பர்.