அரமேயமும் அதன் இனமொழிகளும்: ஒலியியைபு காட்டும் உறவு

1. முன்னுரை

தமிழில் தந்தையைக் குறிக்கும் 'அப்பா' என்னும் சொல்லும், அரமேய மொழியில் அதே பொருளில் வழங்கும் 'அப்பா' என்னும் சொல்லும் ஏறத்தாழ ஒன்றாகவே ஒலிக்கின்றன. அரமேயச் சொல்லின் இடைமெய் ஒலிப்புடையது என்பதே வேறுபாடு. மறுபுறம், மூன்று என்னும் எண்ணை அரமேயம் 'த்லாத்' என்றும் எபிரேயம் 'ஷாலோஷ்' என்றும் வழங்குகின்றன. இவ்விரண்டிற்கும் இடையே செவிக்குப் புலப்படும் ஒப்புமை சிறிதே. எனினும், முதல் இணை மொழியுறவுக்குச் சான்றாகாது. இரண்டாம் இணையோ உறுதியான சான்றாகும். இம்முரண்பாட்டின் காரணத்தை அறிவதே செமித்திய மொழிகளின் ஒப்பாய்விற்கு வாயிலாகும். அரமேயத்தை மையமாகக் கொண்டு அதனை விளக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும். செமித்திய ஒலிகள் இங்குத் தமிழெழுத்தில் ஏறத்தாழவே தரப்படுகின்றன. நாநுனி பற்களுக்கிடையே நின்று பிறக்கும் ஒலிப்பிலா உரசொலி 'ஃத' எனக் குறிக்கப்படுகின்றது.

2. செமித்திய மொழிகள்

'செமித்தியம்' என்னும் பெயரை 1781ஆம் ஆண்டு ஷ்லோட்சர் என்னும் ஜெர்மானிய அறிஞர் வழங்கினார். இக்குடும்பத்தின் கிழக்குக் கிளையில் மெசப்பொத்தாமியாவின் அக்காதியம் முதன்மையானது. அது களிமண் பலகைகளில் ஆப்பெழுத்தில் எழுதப்பட்டது. மேற்குப் பிரிவில் உகரித்து மொழி, பினீசியம், எபிரேயம், அரமேயம், அரபி, எத்தியோப்பியாவின் கீயெஸ் முதலியன அடங்கும். இவற்றுள் உகரித்து, பினீசியம், எபிரேயம், அரமேயம் ஆகியன வடமேற்குச் செமித்தியம் எனப்படும்.

அரமேயக் கல்வெட்டுகள் கி.மு. 9ஆம் நூற்றாண்டு முதல் கிடைக்கின்றன. அசிரியப் பேரரசிலேயே பரவத் தொடங்கிய இம்மொழி, பாரசீக அக்கேமெனியர் ஆட்சியில் எகிப்து முதல் இந்தியாவின் வடமேற்கு எல்லை வரை அலுவல் மொழியாக விளங்கியது. ஏறத்தாழ மூவாயிரம் ஆண்டுகளாகத் தொடர்ந்து சான்றுகள் கிடைக்கும் மொழியாதலின், ஒலிமாற்றங்களைக் காலமுறையில் ஆராய்வதற்கு அரமேயம் மிகவும் ஏற்றதாகும்.

3. ஒலியியைபின் ஒழுங்கு

கீழ்வரும் சொற்களை நோக்குக.

மூன்று: அக்காதியம் ஷலாஷ், எபிரேயம் ஷாலோஷ், அரமேயம் த்லாத், அரபி ஃதலாஃத்.
எருது: அக்காதியம் ஷூரு, எபிரேயம் ஷோர், அரமேயம் தவ்ரா, அரபி ஃதவ்ர்.
உறைபனி: அக்காதியம் ஷல்கு, எபிரேயம் ஷெலெக், அரமேயம் தல்கா, அரபி ஃதல்ஜ்.

எபிரேயத்திலும் அக்காதியத்திலும் 'ஷ' வரும் இடத்தில் அரமேயத்தில் 'த'வும் அரபியில் 'ஃத'வும் வருகின்றன. ஒரு சொல்லில் மட்டும் இவ்வாறு நேர்ந்திருப்பின் அதனைத் தற்செயல் எனலாம். தொடர்பற்ற பொருள்களைக் குறிக்கும் பல சொற்களில் ஒரே முறையில் வருதலின், இது தற்செயலாக இருத்தல் இயலாது.

இனி, எபிரேய 'ஷ' எங்கும் அரமேயத்தில் 'த' ஆவதில்லை. அமைதி என்னும் பொருளுடைய எபிரேய 'ஷாலோம்' அரமேயத்தில் 'ஷ்லாமா' எனவும், அரபியில் 'ஸலாம்' எனவும் வழங்கும். பெயர் என்னும் பொருளுடைய 'ஷேம்' அரமேயத்தில் 'ஷ்மா', அரபியில் 'இஸ்ம்' ஆகும். எனவே எபிரேய 'ஷ'வில் இருவேறு பழைய ஒலிகள் ஒன்றியுள்ளன என்பது பெறப்படும். ஒன்று தொல் செமித்தியப் பல்லிடை உரசொலி. அதனை அரபி காத்துள்ளது; அரமேயம் 'த' ஆக்கியுள்ளது. மற்றொன்று வேறு உரசொலி. அது அரமேயத்தில் 'ஷ'வாகவும் அரபியில் 'ஸ'வாகவும் நிற்கின்றது.

ஒப்பீட்டால் மட்டும் பெறப்பட்ட இம்முடிவிற்குப் பின்னர் நேர்ச்சான்றும் கிடைத்தது. சிரியக் கடற்கரையில் ராஸ் ஷம்ரா என்னுமிடத்தில் 1929ஆம் ஆண்டு தொடங்கிய அகழாய்வில் உகரித்து நகரத்தின் களிமண் பலகைகள் வெளிப்பட்டன. 30 குறிகள் கொண்ட அவற்றின் எழுத்துமுறை 1930இல் படித்தறியப்பட்டது. அதில் பல்லிடை உரசொலிக்குத் தனிக்குறி இருந்தது. 'மூன்று' என்னும் சொல் எதிர்பார்த்தவாறே அக்குறியால் எழுதப்பட்டிருந்தது.

4. எழுத்தும் ஒலியும்

அரமேயர் பினீசியரிடமிருந்து 22 எழுத்துகளைப் பெற்றனர். அக்காலத்தில் அரமேயத்தில் அவ்வெண்ணிக்கையினும் மிகுதியான மெய்யொலியன்கள் இருந்தன. தமிழில் 'க' என்னும் ஓரெழுத்து இடத்திற்கேற்பப் பல ஒலிகளைப் பெறுதல் போன்றதன்று இது. தமிழில் அவை ஓர் ஒலியனின் மாற்றொலிகள். அரமேயத்திலோ பொருளை வேறுபடுத்தும் தனித்தனி ஒலியன்கள் ஓரெழுத்தைப் பகிர்ந்துகொண்டன.

பழைய அரமேயக் கல்வெட்டுகளில் பல்லிடை ஒலிப்பிலா உரசொலி பெரும்பாலும் 'ஷ'வுக்குரிய எழுத்தாலேயே எழுதப்பட்டது. சிரியாவின் தெல் ஃபெகெரியேயில் 1979இல் கண்டெடுக்கப்பட்ட அக்காதிய–அரமேய இருமொழிச் சிலைக் கல்வெட்டிலோ அது 'ஸ'வுக்குரிய எழுத்தால் எழுதப்பட்டுள்ளது. ஒரே ஒலிக்கு இடத்திற்கு இடம் வெவ்வேறு எழுத்துகளை ஆண்டமை, அவ்வொலி இவ்விரு எழுத்துகளுள் எதற்கும் இயல்பாக உரியதன்று என்பதைக் காட்டுகின்றது. பின்னர் ஒலி 'த' ஆக மாறியபோது எழுத்தும் மாறியது. இதன் ஒலிப்புடைய இணையும் இத்தகையதே. எகிப்தின் எலிஃபன்டைன் தீவில் கிடைத்த கி.மு. 5ஆம் நூற்றாண்டுப் பாப்பிரசு ஆவணங்களில் பெயரெச்சத் தொடர்களை இணைக்கும் சொல் பெரும்பாலும் பழைய மரபுப்படி எழுதப்பட, விவிலியத்தின் தானியேல் நூலில் அது 'தீ' எனத் தகர எழுத்தைப் பெறுகின்றது.

இவற்றினும் தெளிவான சான்று எரேமியா நூலில் உள்ளது. எபிரேய மொழியிலமைந்த அந்நூலில் 10ஆம் அதிகாரத்தின் 11ஆம் வசனம் மட்டும் அரமேயத்தில் உள்ளது. அவ்வொரு வசனத்திலேயே 'நிலம்' என்னும் சொல் முதலில் 'அர்கா' எனவும், பின்னர் 'அர்ஆ' எனவும் வருகின்றது. இச்சொல்லுக்கு இனமான எபிரேயச் சொல் 'எரெஸ்'. அரபிச் சொல் 'அர்ள்'. அக்காதியச் சொல் 'எர்ஸெத்து'. தொல் செமித்தியத்தின் அழுத்தப் பல்லொலி ஒன்று அரமேயத்தில் தொண்டையை நோக்கிப் பின்னகர்ந்தது. அதற்கு உரிய எழுத்தின்மையால் தொடக்கத்தில் ககரத்தை ஒத்த 'கோஃப்' எழுத்து ஆளப்பட்டது. பின்னர் அவ்வொலி 'அயின்' என்னும் தொண்டையொலியோடு ஒன்றவே, அவ்வெழுத்து ஆளப்பட்டது. மரபும் மாற்றமும் ஒரே வசனத்தில் அருகருகே நிற்கின்றன. ஒலியியைபை அறியாதவர் இவற்றை இரு சொற்கள் என்றோ எழுத்துப்பிழை என்றோ கொள்ள நேரும்.

5. உறவும் கடனும்

இனமொழிகளில் காணப்படும் ஒத்த சொற்கள் யாவும் மூலமொழியிலிருந்து வந்தவை அல்ல. அரண்மனை அல்லது கோயிலைக் குறிக்கும் எபிரேய 'ஹேகால்', அரமேய 'ஹைக்லா', அரபி 'ஹைகல்' ஆகியவை அக்காதிய 'எகல்லு'வோடு தொடர்புடையன. அச்சொல்லோ, செமித்தியம் அல்லாத சுமேரிய மொழியில் 'பெரிய வீடு' எனப் பொருள்படும் 'எ-கல்' என்னும் தொடரிலிருந்து வந்த கடன்சொல் ஆகும். இது பண்பாட்டுத் தொடர்பைக் காட்டுமேயன்றிக் குடும்ப உறவைக் காட்டாது.

ஒரு கிளையைத் தனித்துக் காட்டுவன அதன் புதுமைகளே. மகன் என்பதை எபிரேயம் 'பேன்' என்றும் அரபி 'இப்ன்' என்றும் கூற, அரமேயம் மட்டும் 'பர்' என்கின்றது. ஆயினும் அதன் பன்மையில் 'ப்னய்யா' என னகரம் மீள்கின்றது. ஆகவே ரகரமே பிற்பட்டது என்பது தெளிவு. 'இரண்டு' என்னும் சொல்லிலும் இம்மாற்றம் உண்டு. அரபியின் 'இஃத்னான்' என்பதற்கு இணையாக அரமேயம் 'த்ரேன்' என்னும். இத்தகைய புதுமைகளே அரமேயக் கிளைமொழிகளை ஒரு குழுவாகப் பிணைக்கின்றன.

'அப்பா' என்னும் சொல்லின் நிலையும் இங்கே தெளிவாகும். எபிரேய 'ஆவ்', அரபி 'அப்', அக்காதிய 'அபு' ஆகியவற்றோடு அரமேயச் சொல் உறவுடையது. அவ்வுறவை மற்ற நூற்றுக்கணக்கான சொற்களின் ஒழுங்கான இயைபு உறுதிசெய்கின்றது. தமிழோடு அத்தகைய ஒழுங்கு இல்லை. குழந்தைகள் முதலில் எளிதாக ஒலிக்கும் இதழொலிகளைக் கொண்டு பெற்றோர் பெயர்கள் உலகின் பல மொழிகளிலும் தனித்தனியே அமைவதை ரோமன் யாக்கப்சன் 1960இல் வெளிவந்த கட்டுரையில் விளக்கியுள்ளார்.

6. இந்தியாவும் அரமேயமும்

குடும்ப உறவு இல்லையெனினும், அரமேயத்தோடு இந்தியாவுக்கு வரலாற்றுத் தொடர்பு உண்டு. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அசோகரின் ஆணைகள் தட்சசீலம், லக்மான், காந்தகார் ஆகிய இடங்களில் அரமேயத்தில் பொறிக்கப்பட்டன. காந்தகாரின் கிரேக்க–அரமேய இருமொழிக் கல்வெட்டு 1958இல் கண்டறியப்பட்டது. வலமிருந்து இடமாக எழுதப்படும் கரோஷ்டி எழுத்து அரமேய எழுத்திலிருந்து தோன்றியது என்பது பெரும்பாலான அறிஞர் கருத்தாகும். எனினும் மெய்யோடு அகரம் இயைந்து நிற்றலும், பிற உயிர்களைக் கோடுகளால் குறித்தலும் இந்திய ஒலியியல் மரபின் ஆக்கங்களாகும்.

அக்கல்வெட்டுகளில் அசோகர் 'எம் தலைவர்' எனப் பொருள்படும் 'மாரன்' என்னும் அரமேயச் சொல்லால் சுட்டப்படுகின்றார். அச்சொல்லின் அடியாகிய 'மார்' இன்றும் கேரளத்தில் சிரியக் கிறித்தவ ஆயர்களின் பெயர்களுக்கு முன் வழங்குகின்றது. அரமேயத்தின் கிழக்குக் கிளையாகிய சிரியாக் மொழியில் 'என் தலைவர்' என்னும் இச்சொல்லின் இறுதியில் யகரம் எழுதப்படுகின்றது, ஆனால் ஒலிக்கப்படுவதில்லை. சிரியாக் ஆய்விற்கெனக் கோட்டயத்தில் 1985இல் புனித எப்ரேம் ஆய்வு நிறுவனம் தொடங்கப்பட்டது.

7. வாழும் அரமேயம்

அரமேயம் இன்றும் பேசப்படுகின்றது. எனவே பழைய எழுத்துகளிலிருந்து உய்த்துணர வேண்டிய ஒலிமாற்றங்களை இக்கால வழக்கில் செவியாலேயே அறியலாம். வீட்டைக் குறிக்கும் 'பைதா' என்னும் பழஞ்சொல் வட ஈராக்கின் அல்கோஷ் கிறித்தவர் பேச்சில் 'பேஃதா' எனவும், ஈரானின் உர்மியா கிறித்தவர் பேச்சில் 'பேதா' எனவும் வழங்கும். சாகோ யூதர் வழக்கு அதனை 'பேஸா' என்றும், உர்மியா யூதர் வழக்கு 'பேலா' என்றும் ஆக்கின. ஒரே ஊரில் சமயத்தால் வேறுபட்ட இரு சமூகங்களின் பேச்சு தனித்தனி வழியில் மாறியிருத்தல் குறிப்பிடத்தக்கது.

இவ்வழக்குகள் பல அழிவை எதிர்நோக்குகின்றன. 20ஆம் நூற்றாண்டின் நடுவில் யூத சமூகங்கள் இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்தபின் அவற்றின் பேச்சுகளை அடுத்த தலைமுறை பெரும்பாலும் கற்கவில்லை. மேற்கு அரமேயம் எஞ்சியிருந்தது தமாஸ்கசுக்கு வடக்கேயுள்ள மஅலூலா, பக்ஆ, ஜுப்பதீன் என்னும் மூன்று ஊர்களில் மட்டுமே. சிரியப் போரில் 2013ஆம் ஆண்டு மஅலூலா பெருஞ்சேதமுற்றது. பக்ஆ மக்கள் ஊரைவிட்டு வெளியேறினர்.

8. முடிவுரை

மொழியுறவை உறுதிசெய்வது சொற்களின் தோற்ற ஒப்புமை அன்று. ஒலியியைபின் ஒழுங்கே ஆகும். 'த்லாத்'தும் 'ஷாலோஷ்'உம் அவ்வொழுங்கால் உறவாகின்றன. 'அப்பா' என்னும் இரு சொற்களும் அஃதின்மையால் அயலாகின்றன. எழுத்து, ஒலியின் நேர்ப்படிமம் அன்று என்பதையும் அரமேயம் தெளிவுறுத்துகின்றது. தமிழைப் பிற மொழிக்குடும்பங்களோடு ஒப்பிட முற்படுவோர்க்கு இவ்விரண்டும் அடிப்படையான அளவுகோல்களாகும். கல்வெட்டுகள் காத்திருக்கும், பேச்சுவழக்குகள் காத்திரா. எனவே எஞ்சிய அரமேய வழக்குகளைப் பதிவுசெய்தல் செமித்திய ஒப்பாய்வின் உடனடிக் கடமை எனலாம்.