'தீவார்' நாயகன் நம்ம பக்கத்து ஆளா?

ஆனைக்குட்டத்து சினிமா பிரியர்களே, ஒரு சேதி! 1975 ஜனவரியில் வந்த இந்திப் படம் 'தீவார்'. அதில் அமிதாப் பச்சன் நடித்த விஜய், பம்பாய்த் துறைமுகத்தில் மூட்டை சுமந்து, பிறகு கடத்தல் உலகத்தில் பெரும்புள்ளி ஆகிறவன். அவனிடம் பம்பாயின் நிஜக் கடத்தல் புள்ளி ஹாஜி மஸ்தானின் சாயல் இருப்பதாக வெகுகாலமாகப் பேச்சு. மஸ்தானுக்கு எந்த ஊர் தெரியுமா? ராமநாதபுரம் மாவட்டம் பனைக்குளம்! நம்ம விருதுநகர் தனி மாவட்டமானது 1985-ல்தானே? ஆக, படம் வந்தபோது ஆனைக்குட்டமும் அதே ராமநாதபுரம் மாவட்டம்தான். மஸ்தான், சிறுவயதிலேயே பம்பாய்க்குப் போய், துறைமுகத்தில் சுமை தூக்கிய நம்ம சீமைக்காரர்!

இன்னும் இருக்கிறது. விஜய்யின் நீலச் சட்டை ஞாபகம் இருக்கிறதா? பித்தான் போடாமல் இடுப்பில் முடிச்சுப் போட்டிருப்பாரே, அது யாரும் உட்கார்ந்து யோசித்த ஸ்டைல் இல்லை. தையல்காரர் சட்டையை ரொம்ப நீளமாகத் தைத்துவிட்டார். கேமரா தயார், மாற்றுச் சட்டைக்கு நேரமில்லை. அமிதாப் இரண்டு முனையையும் இழுத்து முடிந்துகொண்டார், அவ்வளவுதான்! தோளில் கயிறு வேறு. சினிமா போஸ்டர் அடித்தே பழகிய சிவகாசிக்காரர்களுக்குத் தெரியும், இப்படி ஒரு தோற்றம் சுவரில் ஒட்டினால் எப்படி இழுக்கும் என்று.

தம்பி ரவியாக வரும் சசி கபூர் பிறந்தது 1938-ல், அண்ணன் அமிதாப் 1942-ல். தம்பிதான் நாலு வயது மூத்தவர்! அம்மா நிருபா ராய்க்கும் அமிதாப்புக்கும் பதினோரு வயதுதான் வித்தியாசம். திரையில் ஒரு நொடியாவது சந்தேகம் வருகிறதா? வராது. காரணம், சலீம்-ஜாவேத் எழுத்து. விஜய் பங்களா, கார், பணம் என்று அடுக்கிக்கொண்டே போவான். ரவியோ அம்மா தன்னிடம் இருப்பதை மட்டும் சொல்வான், நாலே வார்த்தையில். எத்தனை முறை பார்த்தாலும் எனக்குச் சிலிர்க்கிறது. சசி கபூருக்கு சிறந்த துணை நடிகர் ஃபிலிம்பேர் விருது கிடைத்தது, அதற்கே கொடுத்தாற்போல் இருக்கிறது.

இயக்குநர் யஷ் சோப்ராவுக்கும் விருது. ஆனால் நான் கொண்டாடுவது, கோயில் படியேறாத விஜய் அம்மாவுக்காக சாமியிடம் சண்டை போடும் இடத்தை. கெஞ்சல் கிடையாது, கணக்குக் கேட்கிற குரல்.

1981-ல் இதே கதை தமிழில் 'தீ' ஆனது. இயக்கம் ஆர். கிருஷ்ணமூர்த்தி, அண்ணன் ரஜினிகாந்த், தம்பி சுமன், அம்மா சௌகார் ஜானகி. இரண்டையும் அடுத்தடுத்து போட்டுப் பாருங்கள். எந்த அம்மா உங்களை அழவைத்தார் என்று எனக்குச் சொல்லியே ஆக வேண்டும்!