அரண்மனைக்காரன் தெருவும் ஆர்மீனியர் விட்டுச்சென்ற செல்வமும்

சென்னைத் துறைமுகத்தை அடுத்துள்ள பழைய கறுப்பர் பட்டணப் பகுதியில் 'அரண்மனைக்காரன் தெரு' என வழங்கும் தெருவொன்று உண்டு. அப்பெயரைக் கேட்போர், முன்னாளில் அரசர் மாளிகையொன்று அங்கே இருந்திருக்க வேண்டுமெனக் கருதுதல் இயல்பு. ஆயின் அப்பெயர் அரண்மனையால் வந்ததன்று. ஆர்மீனியர் என்னும் பிறநாட்டு வணிகர் அங்கே குடியிருந்தமையால் ஆங்கிலேயர் அதனை ஆர்மீனியன் தெரு என்றனர். பழக்கமில்லாத அச்சொல் தமிழ்மக்கள் நாவில் மருவி அரண்மனைக்காரன் ஆயிற்று. ஒரு சமூகம் வந்தது, வாழ்ந்தது, சென்றது. அதன் பெயர்கூடத் திரிந்த வடிவிலேயே அவ்வூரில் எஞ்சியது. எனினும் அச்சமூகத்தின் மொழி வரலாற்றிலே சென்னை நகருக்குரிய இடம் இன்றளவும் குன்றவில்லை. இவ்விரண்டும் ஒருங்கே நிகழ்ந்தது எவ்வாறு என ஆராய்தல், கடல்கடந்து பரந்து வாழும் தமிழர்க்கும் பயன் தருவதாகும்.

ஆர்மீனியரின் தாயகம் கருங்கடலுக்கும் கஸ்பியன் கடலுக்கும் இடைப்பட்ட மலைநாடு. கி. பி. நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே கிறித்தவத்தை அரச சமயமாக ஏற்ற நாடு அது. ஏறத்தாழ 405ஆம் ஆண்டில் மெஸ்ரோப் மாஷ்டொட்ஸ் என்னும் துறவி அம்மொழிக்கென 36 எழுத்துகளை வகுத்தளித்தார். அரசு அழிந்த காலத்திலும் இனம் அழியாதிருந்தமைக்கு அவ்வெழுத்தே காரணமென ஆர்மீனியர் போற்றுவர். பிற்காலத்தில் அந்நாடு உதுமானியப் பேரரசுக்கும் பாரசீகப் பேரரசுக்கும் இடையே போர்க்களமாயிற்று. 1604-1605ஆம் ஆண்டுகளில் பாரசீக மன்னர் முதலாம் ஷா அப்பாஸ், அராஸ் ஆற்றங்கரையிலிருந்த ஜூல்பா நகர மக்களை வேரோடு பெயர்த்துத் தம் தலைநகராகிய இஸ்பகானுக்கு அருகிலே குடியேற்றினார். அவ்விடம் புதிய ஜூல்பா எனப் பெயர் பெற்றது. அகதிகளாக வந்தோர் ஒரு தலைமுறைக்குள் பட்டு வணிகத்தின் தலைவர்களாயினர். மேற்கே அம்ஸ்டர்டாம், கிழக்கே சூரத்து, ஆக்ரா, சென்னை, மணிலா என அவர்தம் வணிகப் பாதைகள் விரிந்தன.

இந்தியாவில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனி அவர்தம் அனுபவத்தையும் தொடர்புகளையும் பயன்படுத்த விரும்பியது. 1688ஆம் ஆண்டில் இருதரப்பாருக்கும் ஓர் உடன்படிக்கை ஏற்பட்டது. கம்பெனியின் கோட்டை நகர்களில் ஆங்கிலேயர்க்குரிய வணிக உரிமைகள் ஆர்மீனியர்க்கும் அளிக்கப்பட்டன. எந்நகரிலேனும் நாற்பது ஆர்மீனியர் குடியேறின், அவர்கள் வழிபடுவதற்குக் கோயில் கட்டித் தருவதோடு, குருவுக்கு ஏழாண்டு காலம் ஆண்டுக்கு ஐம்பது பவுண் கொடுப்பதாகவும் கம்பெனி ஒப்புக்கொண்டது. சென்னையிலே 1712ஆம் ஆண்டில் அவர்தம் முதற்கோயில் எழுந்தது. இன்று அரண்மனைக்காரன் தெருவிற் காணப்படும் புனித மரியாள் கோயில், 1772இல் பழைய ஆர்மீனிய இடுகாட்டு நிலத்திற் கட்டப்பட்டதாகும்.

சென்னை ஆர்மீனியருள் முதலில் நினைக்கத்தக்கவர் பெட்ரஸ் உஸ்கான். 1726ஆம் ஆண்டில் சைதாப்பேட்டையருகே அடையாற்றின்மேல் தம் பொருளைக்கொண்டு பாலம் அமைத்தவர் இவரே. பரங்கிமலையின் உச்சிக்கு ஏறிச்செல்லும் கற்படிகளும் இவர் அமைத்தவையே. மாம்பலம் என்னும் ஊர்ப்பெயர் திரிந்து 'மர்மலாங் பாலம்' என அப்பாலத்திற்கு வழங்கிற்று. இருநூற்று நாற்பது ஆண்டுகள் சென்னை மக்கள் அதன்வழியே ஆற்றைக் கடந்தனர். 1966இல் புதிய பாலம் கட்டப்பட்டபோது மறைமலையடிகள் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது. யாழ்ப்பாணத்துச் சைவத் தமிழறிஞர்க்கு நன்கு அறிமுகமான அப்பேரறிஞரின் பெயர் தாங்கும் பாலத்தருகே, உஸ்கானின் கொடையைக் கூறும் பழைய கல்லொன்றே அவரது நினைவாக எஞ்சியது.

உஸ்கான் 1751ஆம் ஆண்டிற் சென்னையிலே காலமானார். அவர் உடல் வேப்பேரியில் அடக்கம் செய்யப்பட்டது. இதயமோ, அவரது விருப்பப்படி, ஒரு பேழையில் வைத்துப் புதிய ஜூல்பாவுக்கு அனுப்பப்பட்டது. ஈண்டு ஒன்று கருதத்தக்கது. அவர் இதயம் நாடிய அப்புதிய ஜூல்பா ஆர்மீனியரின் ஆதித்தாயகமன்று. அவர் முன்னோர் வலிந்து குடியேற்றப்பட்ட ஊரேயாம். நூற்றைம்பது ஆண்டு வாழ்ந்த புகலிடம் தாயகமாகிவிடுகின்றது. புலம்பெயர்ந்தோரின் வரலாற்றில் இஃது எங்கும் காணப்படும் உண்மையாகும்.

பாலமும் படியும் ஊருக்கு உதவின. ஆர்மீனிய மொழிக்கு உதவியது அச்சு. ஆர்மீனிய அச்சின் வரலாறே புலம்பெயர்வின் வரலாறாகும். அம்மொழியின் முதல் அச்சுநூல் 1512இல் வெனிஸ் நகரில் வெளிவந்தது. திருமறையின் முதற்பதிப்பு 1666இல் அம்ஸ்டர்டாமில் அச்சேறிற்று. தமிழெழுத்தில் முதல் நூல் கொல்லத்திலே 1578இல் அச்சானது எனின், தமிழ் தன் நிலத்தை ஒட்டியே அச்சுக்கண்டது எனலாம். ஆர்மீனியமோ நெடுங்காலம் அந்நிய நகரங்களையே நம்பியிருந்தது. தாயகமண்ணில் முதல் ஆர்மீனிய அச்சுக்கூடம் 1771இல் எச்மியாட்சின் மடத்திலேதான் நிறுவப்பட்டது. அதற்குப் பொருளுதவி செய்தவரும் சென்னையில் வாழ்ந்த ஓர் ஆர்மீனிய வணிகரே.

அவ்வாண்டுகளிலேயே சென்னையிலும் ஓர் ஆர்மீனிய அச்சுக்கூடம் தோன்றியது. அதை நிறுவியவர் புதிய ஜூல்பாவிற் பிறந்து சென்னையில் வணிகஞ்செய்து பெருஞ்செல்வம் ஈட்டிய ஷஹாமீர் ஷஹாமீரியான் (1723-1797). 1772இல் அங்கே வெளிவந்த அறிவுரை நூலொன்று, அந்நிய ஆட்சியினின்றும் தாயகத்தை மீட்க எழுமாறு ஆர்மீனிய இளைஞரை அறைகூவியது. ஆளும் பேரரசுகளின் சினத்துக்கு அஞ்சிய தாயகத் திருச்சபைத் தலைவர் சிமேயோன், அந்நூலை எரிக்குமாறு பணித்தார். அவ்வாறு பணித்தவரே எச்மியாட்சின் அச்சுக்கூடத்தை நிறுவியவர் என்பது குறிப்பிடத்தக்கது. தாயகத்திலிருப்போர் அச்சத்தையும் புறத்திலிருப்போர் துணிவையும் ஒருசேர விளங்கிக்கொள்ளுதல் வேண்டும். இருசாராரும் மொழியைக் காக்கவே முயன்றனர்.

ஷஹாமீரியானின் அச்சுக்கூடம் பின்னர் வெளியிட்ட 'புகழின் கண்ணி' என்னும் பொருள்படும் நூல், இன்னும் பிறவாத சுதந்திர ஆர்மீனியாவுக்கு ஓர் அரசியல் யாப்பை வகுத்தது. மக்கள் தெரிவுசெய்யும் பேரவை, ஆள்வோரையும் கட்டுப்படுத்தும் சட்டம் என்பன அதன் அடிப்படைகள். முடியாட்சியே உலக வழக்காயிருந்த பதினெட்டாம் நூற்றாண்டிலே, நாடில்லாத மக்களுக்குக் குடியரசுச் சட்டம் சென்னைத் தெருவொன்றில் அச்சாயிற்று. முதல் ஆர்மீனியக் குடியரசு 1918இல் தோன்றியது. சோவியத் ஆட்சிக்குப் பின் 1991இல் அந்நாடு மீண்டும் சுதந்திரம் எய்தியது. ஷஹாமீரியானின் மைந்தர் ஹாக்கோப் 1774இல் மலாக்காவிற் காலமானார். அவரது கல்லறை அந்நகரிலேயே உளது.

அடுத்துக் குறிப்பிடத்தக்கவர் சீராஸ் நகரினின்றும் சென்னைக்கு வந்து ஆர்மீனியக் கோயிற் குருவாகப் பணியாற்றிய ஹாருத்தியூன் ஷ்மாவோனியான். தம் மக்கள் இருவரையும் ஒரு வாரத்துள் இழந்த துயரை அறிந்தவர் அவர். 1794ஆம் ஆண்டில் 'அஸ்தரார்' என்னும் திங்களிதழை அவர் தொடங்கினார். அறிவிப்போன் என்பது அப்பெயரின் கருத்து. ஆர்மீனிய மொழியில் உலகிலேயே முதன்முதல் வெளிவந்த பத்திரிகை இதுவேயாகும். 1796 வரை பதினெட்டு இதழ்களே வெளிவந்தன. அளவிற் சிறிதாயினும், இன்று உலகெங்கும் வெளிவரும் ஆர்மீனியப் பத்திரிகைகள் யாவும் தம் மரபின் முதலெனக் காட்டுவது அப்பதினெட்டு இதழ்களையே. 1824இல் இறந்த ஷ்மாவோனியான் தாம் பணியாற்றிய கோயில் வளவிலேயே அடக்கம் செய்யப்பட்டார்.

பத்தொன்பதாம் நூற்றாண்டிலே சென்னை ஆர்மீனியர் தொகை குறையலாயிற்று. கம்பெனியின் வலிமை பெருகப் பெருக அவர்தம் வணிகம் சுருங்கியது. பலர் கல்கத்தாவுக்கும் யாவாவுக்கும் சிங்கப்பூருக்கும் பெயர்ந்தனர். 1835இல் சிங்கப்பூரில் எழுந்த ஆர்மீனியக் கோயிலும், சார்க்கீஸ் உடன்பிறந்தார் 1887இல் தொடங்கிய ராபிள்ஸ் விடுதியும் அப்பெயர்வின் சான்றுகள். இன்று சென்னையில் நிலையான ஆர்மீனியச் சமூகம் இல்லை. கல்கத்தா ஆர்மீனியரின் பராமரிப்பிலுள்ள அக்கோயிலில் ஆறு பெருமணிகளும் ஏறத்தாழ 350 கல்லறைகளும் உள்ளன. கல்லறையெழுத்தைப் படிக்கவல்லார் அயலில் ஒருவரும் இலர்.

இந்நிலைக்குக் காரணம் செல்வக் குறைவன்று. மூராட், ரபாயேல் என்னும் சென்னை வணிகர் இருவர் விட்டுச்சென்ற பொருளால் 1836இல் வெனிஸ் நகரில் ஒரு கல்லூரி நிறுவப்பட்டு, நூற்றைம்பது ஆண்டுக்கு மேலாக ஆர்மீனிய இளைஞர்க்குக் கல்வி புகட்டியது. சென்னையிலோ அத்தகைய நிலைத்த கல்லூரியொன்று எழவில்லை. கல்கத்தாவில் 1821இல் தொடங்கிய ஆர்மீனியக் கல்லூரி, ஈரான் முதலிய நாடுகளினின்றும் ஆர்மீனிய மாணவரை வரவழைத்து, இருநூறு ஆண்டுகளைக் கடந்தும் நிலைபெற்றுள்ளது. ஆகவே அங்கே கோயிலும் வழிபடுவோரும் இன்னும் உளர். கட்டடம் நினைவைப் பேணும். அச்சு மொழியைப் பிறதேயங்களுக்குக் கொண்டுசெல்லும். பள்ளியே அவ்விரண்டையும் ஏற்கும் வழித்தோன்றலை ஆக்கும். சென்னை ஆர்மீனியர் முதலிரண்டையும் நிறைவாகச் செய்தனர். மூன்றாவதைத் தம் ஊரிற் செய்திலர்.

இவ்வரலாறு யாழ்ப்பாணத்தார்க்கு அயலானதன்று. அரண்மனைக்காரன் தெருவுக்கு அண்மையிலுள்ள தங்கசாலைத் தெருவிலேதான் ஆறுமுக நாவலரின் சென்னை அச்சுக்கூடம் இயங்கியது. சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை கலித்தொகையை 1887இல் பதிப்பித்ததும் சென்னையிலேயே. ஆயினும் நாவலர் அச்சோடு பள்ளியையும் சேர்த்தே வளர்த்தார். வண்ணார்பண்ணையில் 1848இல் அவர் தொடங்கிய சைவப்பிரகாச வித்தியாசாலையும், அடுத்த ஆண்டு வாங்கிவந்த அச்சியந்திரமும் ஒரே முயற்சியின் இருகூறுகள். பள்ளிக்கு நூல் வேண்டும், நூலுக்குப் படிப்போர் வேண்டும் என அவர் அறிந்திருந்தமையே அப்பணி நிலைத்தமைக்குக் காரணம்.

நெல்லியடி, கரவெட்டி முதலாய வடமராட்சி ஊர்களிலிருந்து ஒரு நூற்றாண்டுக்கு முன்னர் மலாயாவுக்குப் பலர் உத்தியோகம் நாடிச் சென்றனர். 1983ஆம் ஆண்டுக்குப் பின்னர்ச் சென்றவர் கனடாவிலும் பிரித்தானியாவிலும் பிற நாடுகளிலும் பல்லாயிரவராக வாழ்கின்றனர். தாம் கற்ற கல்லூரிகளுக்கு மண்டபமும் வகுப்பறையும் அமைக்கப் பழைய மாணவர் வழங்கும் கொடை உஸ்கானின் பாலத்தை ஒத்த நற்பணியாகும். எனினும் சுவரெழுப்பியதோடு கடமை நிறைவுறுவதில்லை. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்தன. கட்டடம் மீண்டும் எழுந்தது. ஒற்றைப் பிரதியாயிருந்த ஏடுகள் மீளவில்லை. அஸ்தரார் இதழ்கள் பல நாட்டு நூலகங்களிற் காக்கப்பட்டமையாலேயே இன்றும் படிக்கப்படுகின்றன. 2005இல் தோன்றிய 'நூலகம்' என்னும் மின்னூலகம் ஈழத்து நூல்களையும் பாடசாலை மலர்களையும் படியெடுத்துக் காத்து வருவது இக்காரணத்தாற் போற்றத்தக்கது.

ஆதலின், தாயகத்துக் கல்லூரிகள் தம் பழைய மலர்களையும் பதிவேடுகளையும் பேணிப் படியெடுத்தலும், புறநாட்டிலுள்ளோர் தம் பிள்ளைகள் பயிலும் வாரவிறுதித் தமிழ்ப் பள்ளிகளை நன்னிலையில் நடத்துதலும் ஒரே பணியின் இருபாகங்களாகக் கருதப்படல் வேண்டும். முன்னது இல்லையேற் படிக்க நூல் இராது. பின்னது இல்லையேல் நூலைப் படிக்க ஆள் இராது. சென்னை ஆர்மீனியரின் அச்சு அவர் மொழிக்கு அழியாப் புகழ் தந்தது; ஆயினும் அவர் வாழ்ந்த தெருவில் அவர்தம் பெயரைப் பிழையின்றிச் சொல்ல ஒருவரும் எஞ்சவில்லை. அந்நிலை ரொறன்ரோவிலோ இலண்டனிலோ தமிழர்க்கு வாராதிருத்தல் அங்கே நடைபெறும் தமிழ் வகுப்புகளைப் பொறுத்ததாகும்.