இரண்டு பெயர்கள்

ஆப்பிரிக்கக் கால்பந்துக் கூட்டமைப்பு தன் கண்டத்தின் தலைசிறந்த வீராங்கனைக்கு வழங்கும் விருதை 2001-ஆம் வருஷத்தில் நைஜீரியாவின் மெர்சி அகிடே முதன்முதலாகப் பெற்றார். பின்னர் அதே தேசத்தின் பெர்பெச்சுவா என்குவோச்சா நான்கு முறையும், லாகோஸுக்கு அருகேயுள்ள இக்கொரோடுவில் பிறந்த ஆசிசாட் ஒஷோவாலா ஆறு முறையும் அதை அடைந்தமையால், நைஜீரியாவின் கீர்த்தியை அளக்கும் கோலாகவே பலர் இவ்விருதைக் கருதிவிட்டார்கள். அந்தக் கீர்த்தி நியாயமானதே. ஆயினும் பட்டியலைப் படிக்கும்போதெல்லாம் என் மனம் வேறு இரண்டு பெயர்களிலேயே தங்கிவிடுகிறது.

2012-இல் விருது பெற்ற ஈக்குவடோரியல் கினியாவின் ஜெனோவேவா அன்யோன்மா, அதற்கு நான்கு வருஷங்களுக்கு முன்பு தம் சொந்த நாட்டில் நடந்த ஆப்பிரிக்கப் போட்டியில் அணி வாகை சூடிய மகிழ்ச்சி அடங்குமுன்னரே, அவர் பெண்தானா என்று எழுப்பப்பட்ட ஆக்ஷேபணையின் காரணமாக, அதிகாரிகள் முன்னிலையில் ஆடை களைந்து நிற்க வேண்டியிருந்ததையும், அந்த அவமானத்தில் தாம் அழுததையும் பின்னாளில் ஒரு பேட்டியில் சொன்னார். வேகமாக ஓடுவதும் வலிமையாக உதைப்பதும் ஒரு பெண்ணின் மேல் சந்தேகம் கொள்ளப் போதுமான காரணங்களாகிவிட்ட அக்கொடுமையை எண்ணும்போது நெஞ்சு பதறுகிறது.

சாம்பியாவின் பார்பரா பாண்டாவோ, 2021-இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் நெதர்லாந்துக்கு எதிராக மூன்று கோல்களும், அடுத்த ஆட்டத்திலேயே சீனாவுக்கு எதிராக மூன்று கோல்களும் அடித்து உலகத்தை வியப்பில் ஆழ்த்தியவர். மறு வருஷம் மொராக்கோவில் நடந்த ஆப்பிரிக்கக் கோப்பைப் போட்டியில், பால் தகுதி பற்றிய பரிசோதனை விவகாரம் குறுக்கிட்டதால், அவர் ஆட இயலாமற் போயிற்று. அவரில்லாத சாம்பியா மூன்றாம் இடம் பெற்றுத் திரும்பியது. 2024 நவம்பரில் அமெரிக்க லீகின் இறுதி ஆட்டத்தில் ஆர்லாண்டோ பிரைடு அணிக்கு முதல் பட்டத்தை ஈட்டித் தந்த ஒரே கோல் அவருடையது. அந்நாட்களிலும் அவரைக் குறித்த பழிச்சொற்கள் ஓயவில்லை. அடுத்த மாதம், எந்த நாட்டில் அவர் களமிறங்க முடியாமற் போயிற்றோ அதே மொராக்கோவின் மராகேஷ் நகரில், அக்கண்டத்தின் தலைசிறந்த வீராங்கனையென அவர் பெயர் அறிவிக்கப்பட்டது.