தொகுத்தவரே படைத்தவர்

ஏ.கே. செட்டியார் என்றதும் பயண நூல்களை நினைப்பவர்கள் உண்டு. ‘குமரி மலர்’ இதழை நினைப்பவர்கள் அதைவிடக் குறைவு. 1940 ஆகஸ்ட் 23 அன்று சென்னை ராக்ஸி திரையரங்கில் வெளியான காந்தி ஆவணப்படம் அவருடையது என்பது இன்னும் சிலருக்கே தெரியும். தெரிந்தவர்களும் ‘காந்தி படச்சுருள்களை உலகெங்கும் தேடிச் சேர்த்தவர்’ என்று பாராட்டி நிறுத்திக்கொள்கிறார்கள். சேகரிப்பவர் வேறு, படைப்பவர் வேறு என்ற எண்ணம் இந்தப் பாராட்டுக்குள் இருக்கிறது. செட்டியார் செய்த வேலையை ஊன்றிப் பார்த்தால் அந்தப் பிரிவினை நிற்காது.

செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911-இல் பிறந்தவர். ரங்கூனில் ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராக இருந்தார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றார். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, 1937 அக்டோபர் 2 அன்று, காந்தியைப் பற்றிப் படம் எடுக்கும் எண்ணம் பிறந்தது. அப்போது அவருக்கு இருபத்தாறு வயதுகூட நிரம்பவில்லை. காந்திக்கோ அறுபத்தெட்டு முடிந்துவிட்டது. தென்னாப்பிரிக்கப் போராட்டம், 1930-இன் தண்டி யாத்திரை, 1931-இன் லண்டன் வட்டமேசை மாநாடு எல்லாம் நடந்து முடிந்தவை. இனி எந்தக் கேமராவாலும் அவற்றைப் பிடிக்க முடியாது. ஒரு நடிகருக்குக் கதர் உடுத்தி, கையில் தடி கொடுத்து, தண்டியை மீண்டும் நடத்திக் காட்டியிருக்கலாம். புராணப் படங்கள் ஓடிக்கொண்டிருந்த அன்றைய தமிழ் சினிமாவில் அதை யாரும் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். செட்டியார் அதைச் செய்யவில்லை. நடந்ததை நடந்தபோதே எவரோ எங்கோ எடுத்திருப்பார்கள், அதைத் தேடிப் போவோம் என்று முடிவு செய்தார். ஒளிப்படம் எடுக்கப் படித்த ஒருவர் பிறர் எடுத்த படங்களை நம்பிப் புறப்பட்டது, என் பார்வையில், ஓர் இயக்குநர் எடுத்த முதல் பெரும் முடிவு.

அதன் பிறகு வந்த உழைப்பின் அளவை எண்களே சொல்லும். ஏறத்தாழ மூன்று ஆண்டுகள், நான்கு கண்டங்கள், ஒரு லட்சம் மைல் பயணம். முப்பது ஆண்டுக் காலத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்தவற்றிலிருந்து சேர்ந்தது சுமார் 50,000 அடி படச்சுருள். ஓட்டிப் பார்த்தால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் போகும். திரைக்கு வந்தது 12,000 அடி, அதாவது இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. நான்கில் மூன்று பங்கை ஒதுக்கி, மிச்சத்தை வரிசைப்படுத்தி, தமிழில் விளக்கவுரை சேர்த்தார். இந்திய அரசின் திரைப்படப் பிரிவோடு சேர்ந்து காந்தி நினைவு நிதி, விட்டல்பாய் ஜவேரியின் ஐந்து மணி நேரக் காந்தி படத்தை வெளியிட்டது 1968-இல்தான். அதற்கு இருபத்தெட்டு ஆண்டுகள் முன்பே, காந்தி உயிரோடிருந்தபோதே, வெள்ளையர் ஆட்சியில், போர்க்காலத்தில், அரசின் துணையில்லாமல் ஒரு தனிமனிதர் இதை முடித்திருக்கிறார்.

‘எல்லாம் சரி, ஒவ்வொரு காட்சியும் வேறொருவர் எடுத்ததுதானே, இதில் செட்டியாரின் கலை எங்கே?’ என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். சோவியத் இயக்குநர் எஸ்பிர் ஷுப், ஜார் மன்னரின் குடும்பப் படங்களையும் செய்திப் படங்களையும் வெட்டி ஒட்டி 1927-இல் ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சியைப் படமாக்கினார். இன்று அவர் தொகுப்புப் படத்தின் முன்னோடி. ஆனால் அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. விடை செட்டியாரின் படத்தின் வரலாற்றிலேயே இருக்கிறது. தெலுங்கு, இந்தி வடிவங்களுக்குப் பிறகு, 1953-இல் ஹாலிவுட்டில் ஓர் ஆங்கில வடிவம் வந்தது. காந்தி அதில் ‘இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி’ ஆனார். விளக்கவுரை பேசியவர் அமெரிக்கப் பத்திரிகையாளர் குவென்டின் ரெனால்ட்ஸ். அமெரிக்கர்களுக்கென்று தொகுத்தபோது, அதே சேகரிப்பிலிருந்து வேறொரு படம் பிறந்தது. சுருள் ஒன்றாக இருந்தும் கை மாறியதும் படம் மாறுகிறது என்றால், படைப்பு அந்தத் தேர்வில்தானே இருக்கிறது?

இன்னொரு மறுப்பு கொஞ்சம் கனமானது. இது பக்தர் எடுத்த படம், காந்தியைக் கேள்வி கேட்காத படம் என்பது. செட்டியார் காந்தியை வணங்கியவர், அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அவர் வணங்கியவருக்கு சினிமாவே பிடிக்காது. 1927-28-இல் ஆங்கில அரசு அமைத்த திரைப்படக் குழு கருத்துக் கேட்டபோது சினிமாவால் தீமைதான் என்ற போக்கில் பதில் எழுதியவர் காந்தி. தலைவரின் விருப்புக்கு மட்டுமே நடக்கும் அடியவர் அங்கேயே கைவிட்டிருப்பார். மேலும், தேடித் திரட்டிய உண்மைக் காட்சிகள் பக்தரின் சொல்லையும் தாண்டி நிற்கும். விளக்கவுரை புகழ்பாடலாம்; கூட்டத்தின் முகங்கள், தொண்டர்களின் நடை, காவலரின் தடி ஆகியவற்றைப் பார்வையாளர் தம் கண்ணால் படித்துக்கொள்ளலாம். நடித்துக் காட்டிய படத்தில் இந்த வாய்ப்பே கிடையாது.

திரைப்படத்துக்கு வெளியிலும் அவர் இதே வேலையைத்தான் செய்தார். 1943-இல் தொடங்கிய ‘குமரி மலர்’ பழைய இதழ்களிலும் நூல்களிலும் புதைந்துகிடந்தவற்றை மீட்டுத் தந்தது. நூறாண்டுக்கு முந்திய தமிழ்நாட்டுப் பயணக் கட்டுரைகளைத் திரட்டி 1968-இல் நூலாக்கினார். தன்னைப் பற்றிப் பேசத் தயங்கிய அந்த மனிதரின் அடையாளம் எதைச் சேர்த்தார், எதை விட்டார் என்பதில் இருக்கிறது. அவர் 1983-இல் மறைந்தார். காந்தி படம் உருவான கதையை அவர் ‘குமரி மலர்’ இதழில் கட்டுரைகளாக எழுதியிருந்தார்; வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி அவற்றைத் திரட்டி ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற நூலாக்கியிருக்காவிட்டால் அந்த உழைப்பின் சுவடும் மங்கியிருக்கும்.

அமெரிக்காவில் ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்று கண்டெடுக்கப்பட்டதும் படம் கிடைத்துவிட்டது என்று மகிழ்ந்தோம். காட்சிகளில் சில கிடைத்தன, அவ்வளவுதான். 1940-இல் செட்டியார் தேர்ந்து, வரிசைப்படுத்தி, தமிழில் பேசவைத்த படம் தொலைந்தது தொலைந்ததுதான். தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் புனேயில் தொடங்கப்பட்டதே 1964-இல். அதற்குள் இருபத்து நான்கு ஆண்டுகள் ஓடிவிட்டன. அன்றைய நைட்ரேட் சுருள்கள் எளிதில் தீப்பிடிப்பவை, வெப்பத்தில் நைந்துபோகிறவை. ஆனாலும் தேட வேண்டும். பழைய திரையரங்குகளின் கிடங்குகளிலும் விநியோகஸ்தர் வீடுகளிலும், பர்மா, மலேயாவோடு தொடர்பிருந்த செட்டிநாட்டு வீடுகளிலும் தகரப் பெட்டியில் சுருள் எதையாவது பார்த்தால் எடைக்குப் போட்டுவிடாதீர்கள். ஓட்டிப் பார்க்கவும் முயலாதீர்கள். முதலில் ஓர் ஆவணக் காப்பகத்துக்குச் சொல்லுங்கள்.