காடாத் துணி

பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் காடா கேட்டால் கடைப் பையன் தலை நிமிராமலே, "எத்தினி மீட்டர்ண்ணா? தலகாணிக்கா, மெத்தைக்கா?" என்பான். ஒரு மீட்டர் போதும் என்றேன். அப்புறம்தான் நிமிர்ந்து பார்த்தான். ஒரு மீட்டர் காடாவை வைத்துக்கொண்டு யார் என்ன செய்ய முடியும்? வெளுக்காத பழுப்புத் துணி. இழைகளுக்கு நடுவே பருத்திக்கொட்டைத் தூள் கறுப்புக் கறுப்பாக ஒட்டியிருக்கிறது. தறிக் கஞ்சி இன்னும் மொடமொடவென்று விரலில் நிற்கிறது.

இது மாதிரி வெறும் பருத்தித் துணியைத்தான் அமெரிக்க அரசாங்கம் வருஷா வருஷம் சில பழங்குடி நாடுகளுக்கு அனுப்பி வைக்கிறது. 1794ல் ஆரம்பித்த வழக்கம்.

புத்தகங்கள் அவர்களை இரொக்வாய் என்கின்றன. அது வெளியார் வைத்த பேர். அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது ஹோடனஷோனி. நீளவீட்டு ஜனங்கள் என்று பொருள். இன்றைய நியூயார்க் மாநிலத்தில் மொஹாக், ஒனைடா, ஒனொன்டாகா, கயூகா, செனெகா என ஐந்து நாடுகள், தங்களுக்குள் வெட்டிக் குத்திக்கொண்டு அலுத்துப்போய் ஒரே கூட்டணியானவை. 1722 வாக்கில் டஸ்கரோரா ஆறாவதாகச் சேர்ந்தது. மரப்பட்டை வேய்ந்த நீளமான வீட்டில் ஒரே தாய்வழிக் குடும்பங்கள் வரிசையாகக் குடியிருக்கும். கல்யாணமானால் மாப்பிள்ளைதான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வரவேண்டும். கூட்டணிச் சபையில் 50 தலைவர் பட்டங்கள். பட்டம் யாருக்கு என்று சொல்வது அந்தக் குலத்தின் மூத்த தாய். ஆள் சரியில்லை என்றால் எச்சரிப்பாள். கேட்காவிட்டால் பட்டத்தைப் பறிப்பாள். அதற்கு அவர்கள் பேச்சில் 'மான்கொம்பைக் கழற்றுவது' என்று பேர். நம் வட்டச் செயலாளர்கள் யாராவது இதைப் படித்தால் ராத்திரி தூக்கம் வராது.

சரி, வண்ணாரப்பேட்டைக்கும் அவர்களுக்கும் என்ன? போன வாரம் காலடிப்பேட்டையைப் பார்த்தோம். கவர்னர் காலெட் நெசவாளர்களைக் குடியேற்றியதால் காலெட்பேட்டையாகி, நம் வாயில் காலடியான ஊர். நெய்தால் மட்டும் ஆயிற்றா? கிழக்கிந்தியக் கம்பெனிக்கு வெள்ளை வேண்டும். கஞ்சி போகத் துவைத்து, வெள்ளாவி வைத்து, வெயிலில் விரித்து வெளுக்க ஆள் வேண்டும். அந்த ஆட்கள் குடியிருந்த பேட்டை இது. இந்தக் கரையில் வெளுத்த துணி மூட்டை மூட்டையாக லண்டன் போய் ஏலமாயிற்று. அச்சுப் பருத்தித் துணியை அங்கே யாரும் உடுத்தக் கூடாது என்று 1721ல் சட்டமே வந்தது. ஆனால் வாங்கிய சரக்கை வேறு நாட்டுக்கு மறுபடி ஏற்றுமதி செய்யத் தடையில்லை. அப்படி அட்லாண்டிக்கைத் தாண்டிய இந்தியத் துணிதான் காட்டோரக் கடைகளில் பீவர் தோலுக்கு மாற்றாக விலைபோனது. அந்த நூற்றாண்டின் நடுவில் மொஹாக் ஆண்கள் மான்தோலை விட்டுக் காலிகோ சட்டைக்கு வந்துவிட்டார்கள். காலிகோ என்ற அந்தப் பேரே நம் கோழிக்கோடு.

அமெரிக்க விடுதலைப் போரில் ஆறு நாடுகள் பிளந்தன. பெரும்பாலோர் ஆங்கிலேயர் பக்கம்; ஒனைடாவும் டஸ்கரோராவும் பெரும்பாலும் மறுபக்கம். 1779ல் வாஷிங்டன் அனுப்பிய ஜெனரல் சல்லிவனின் படை 40 ஊர்களைக் கொளுத்தியது. விளைந்து நின்ற மக்காச்சோளத்தை வெட்டிச் சாய்த்தது, பீச் மரங்களைக்கூட விடவில்லை. அமெரிக்க ஜனாதிபதி யாராக இருந்தாலும் அவர்கள் மொழியில் இன்றும் 'ஊரழிப்பான்' என்றுதான் பேர்.

அதே வாஷிங்டனின் அரசுதான் 1794 நவம்பர் 11 அன்று கனன்டைகுவாவில் ஒப்பந்தம் போட்டது. நிலம் உங்களுடையது, தொந்தரவு செய்ய மாட்டோம், வருஷம் 4,500 டாலருக்கு என்றென்றைக்கும் துணியும் சாமானும் தருவோம் என்றது. ஒப்பந்தத்தின் பேரில் ஒரு சிப்பிமணிப் பட்டையும் உண்டு. ஆறடி நீளம். வெள்ளைச் சங்குமணியில் ஊதா மணிகளால் 13 ஆட்கள் கைகோத்து நிற்கிறார்கள், 13 மாநிலங்கள். நடுவில் ஒரு வீடு, அதன் இரு பக்கமும் இரண்டு சின்ன ஆட்கள்.

தொகை மாறவில்லை. விஸ்கான்சினுக்குக் குடிபெயர்ந்த ஒனைடாக்களின் பங்கு 1,800 போக மீதி 2,700 டாலருக்குத் துணி. விலைவாசி ஏற ஏறத் தலைக்குக் கிடைக்கும் துண்டு சுருங்கிக்கொண்டே வருகிறது. சட்டை தைக்கக் காணாது. நிலத்தைப் பற்றிச் சொன்ன வாக்குறுதியோ, 1960களில் அணைக்காகச் செனெகாக்களின் பத்தாயிரம் ஏக்கரை மூழ்கடித்தபோது தண்ணீரோடு போயிற்று. துணி மட்டும் நிற்கவில்லை. அவர்களும் வேண்டாம் என்று சொல்லவில்லை.

எங்கள் வீட்டில் பெரியத்தை செத்தபோது பிறந்த வீட்டுக் கோடி வரத் தாமதமாயிற்று. பாடை கட்டியாயிற்று, மேளக்காரர்கள் இரண்டு முறை டீ குடித்துவிட்டார்கள். "கோடி வராம தூக்கவிட மாட்டேன்" என்று சித்தப்பா வாசலை மறித்து நின்றார். கடைசியில் மாமா ரங்கநாதன் தெருவில் வாங்கிய நூற்றிருபது ரூபாய்ச் சேலையோடு ஓடிவந்தார். யாரும் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. மேலே போர்த்தினார்கள், தூக்கினார்கள்.

பையன் ஒரு மீட்டரை அளந்து, பல்லால் கடித்துச் சர்ரென்று கிழித்தான். "வேற ஏதாச்சும்ண்ணா?"

(தொடரும்)